கம்பியும் துபாஷியும்

செம்பவாங் என்றவுடன் முதியோர் சிலருக்குக் கடற்படைத் தளமும், விடியற்காலையில் சைக்கிள்களில் சாரிசாரியாகச் சென்ற தொழிலாளரும் நினைவுக்கு வருவர். இளைஞருக்கோ ரயில் நிலையமும் அடுக்குமாடி வீடுகளுமே செம்பவாங். பெயர் என்னவோ இவ்விரண்டில் எதற்கும் உரியதன்று. அஃது ஒரு மரத்தின் பெயர் என்பர். மரம் போய்த் தளம் வந்தது. 1938 பிப்ரவரி 14ந் தேதி அத்தளம் விமரிசையாகத் திறக்கப்பட்டது. நான்காண்டுகள் நிறைவதற்குள் ஜப்பானியர் கைக்குப் போயிற்று. யுத்தத்திற்குப் பின் மீண்டும் பிரிட்டிஷாருடையதாகி, 1968இல் அதன் கப்பற்பட்டறை சிங்கப்பூர் அரசாங்கத்தின் வசமாயிற்று. தமிழரும் மலையாளிகளும் ஆயிரக்கணக்கில் அங்கே உழைத்தனர். இவை நேயர்கள் அறிந்த செய்திகளே.

அறியாத செய்தி ஒன்றுண்டு. அந்தக் கப்பற்பட்டறையிலிருந்து வளர்ந்த செம்பவாங் குழுமம், இந்நாட்டு இணையத்தின் பிள்ளைப்பருவத்திலும் ஒரு கை வைத்திருந்தது. சிங்கப்பூர்த் தேசியப் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சியாளருக்கென்று இயங்கி வந்த டெக்நெட் என்னும் வலைப்பின்னல், 1995இல் செம்பவாங் மீடியா முதலிய நிறுவனங்களின் கைக்கு மாறிப் பசிபிக் இன்டர்நெட் என்று பெயர் பூண்டது. கப்பலுக்கு வடம் பிடித்த ஊரின் பெயர், கணினிக்குக் கம்பி இழுத்த கணக்கிலும் ஏறிவிட்டது.

நாம் எழுத வந்தது கப்பலைப் பற்றியன்று; ஒரு சாண் நீளங்கூட இல்லாத ஒரு சிறு வாலைப் பற்றி. ஒரு முனை கணினியின் யூஎஸ்பி வாயில் நுழையும். மறுமுனையில் எட்டுக் கம்பிகள் கொண்ட வலைவடத்தைச் செருகலாம். அதற்கு யூஎஸ்பி–ஈதர்நெட் அடாப்டர் என்று பெயர். இதற்கும் ஒரு சரித்திரமா என்று நகைப்போர் சற்றே பொறுத்தருள வேண்டும்.

2020 ஏப்ரல் 7ந் தேதி சிங்கப்பூரில் கொள்ளைநோய்க்காகக் கதவடைப்பு வந்தது. மறுநாள் முதல் பிள்ளைகள் யாவரும் வீட்டிலிருந்தே பாடம் படிக்கலாயினர். எங்கள் கட்டடத்தில் மேல்மாடியில் கப்பற்பட்டறை மின்தொழிலாளி ஒருவர் குடியிருந்தார். அவர் மகளுக்கு எங்கிருந்தோ ஒரு பழைய மடிக்கணினி கிடைத்தது. கணினி நல்லதுதான், ஆனால் கம்பியில்லா இணைப்புக்கான உறுப்பு செத்துக் கிடந்தது. மெல்லிய கணினியாதலால் வலைவடம் செருகும் துளையும் இல்லை. தகப்பனார் முன்னொரு காலத்தில் மலிவாக வாங்கி வைத்திருந்த அடாப்டரைத் தேடி எடுத்துச் செருகினார். விளக்கு ஒன்று மினுக்கிற்று. அதற்குமேல் ஒன்றும் நடக்கவில்லை.

"அங்கிள், இதுக்கு டிரைவர் போடணுமாம். டிரைவர் இன்டர்நெட்ல இருக்காம். இன்டர்நெட் வரணும்னா டிரைவர் வேணுமாம்," என்றாள் அச்சிறுமி, முகக்கவசத்துக்கு மேலே கண்களை அகல விரித்து. சாவி பெட்டிக்குள்ளே, பெட்டி பூட்டிக் கிடக்கிறது என்பதன்றோ இது!

அந்தப் பெட்டியைத் திறந்த விதத்தைப் பின்னர்ச் சொல்வோம். முதலிற் கம்பியின் கதை.

கடலடிக் கம்பி என்பது உலகத்தில் ஏற்பட்டதற்கே இந்தத் தீவு ஒரு காரணம் என்றால் மிகையாகாது. மின்சாரக் கம்பியைக் கடலில் போட வேண்டுமானால் உப்புநீர் அதைத் தொடாதிருக்க வேண்டும். அதற்கேற்ற உறை ஐரோப்பாவில் அகப்படவில்லை. மலாய்க்காரர்களோ கெத்தா பெர்ச்சா என்னும் மரப்பிசினை வெந்நீரில் இளக்கிப் பாராங் கத்திக்குப் பிடி செய்து கொண்டிருந்தார்கள். சிங்கப்பூரில் வைத்தியராயிருந்த வில்லியம் மான்ட்கோமரி என்பவர் இதைக் கவனித்து, 1843இல் அதன் மாதிரிகளை லண்டன் மாநகருக்கு அனுப்பினார். சில வருஷங்களிலேயே கடலடித் தந்திக் கம்பிகளுக்கெல்லாம் அதுவே உறையாயிற்று. 1870–71இல் சென்னையிலிருந்து பினாங்கு வழியாகச் சிங்கப்பூருக்குத் தந்தி வடம் வந்து சேர்ந்தபோது, இங்கிருந்து போன பிசினின் இனமே அதைப் போர்த்திக்கொண்டு திரும்பி வந்தது.

தோட்டத்துச் சகோதரர்கள் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். ரப்பர் மரத்தைப் பால்வெட்டுக்காரர் நாள்தோறும் கீறினாலும் மரம் பல்லாண்டு நிற்கும். கெத்தா பெர்ச்சா மரம் அப்படியன்று. கீறினால் பால் சொற்பமே கசியும் என்பதனால் மரத்தையே வெட்டி வீழ்த்தினார்கள். உலகத்தைக் கம்பியால் கட்டிய வேகத்தில் காடுகள் மொட்டையாயின. பத்தொன்பதாம் நூற்றாண்டு முடிவதற்குள் சிங்கப்பூரில் அம்மரம் அரிதினும் அரிதாயிற்று. தந்தியின் பெருமையைப் பாடியவர் பலர். இதைச் சொன்னவர் சிலர்.

நிற்க. ஈதர்நெட் என்னும் பெயரின் பிறப்பு வேடிக்கையானது. ஒளியானது ஈதர் என்னும் கண்ணுக்குத் தெரியாத ஒரு பொருளில் அலையாய்ப் பரவுகிறது என்று முன்னாள் விஞ்ஞானிகள் நம்பியிருந்தனர். 1887இல் மைக்கல்சன், மார்லி என்னும் இருவர் அதைத் தேடிப் பரிசோதித்து, அதன் அடையாளம் எதையும் காணாமல் திரும்பினர். பிற்பாடு அந்த நம்பிக்கையே கைவிடப்பட்டது. ஆயினும் 1973 மே 22ந் தேதி, அமெரிக்காவில் ஜெராக்ஸ் நிறுவனத்தின் பாலோ ஆல்ட்டோ ஆராய்ச்சிச் சாலையில் பாப் மெட்காஃப் என்பவர், கணினிகள் யாவும் ஒரே கம்பியில் பேசிக்கொள்ளும் முறையொன்றை எழுதியபோது, அக்கம்பிக்கு ஈதர் என்ற பெயரையே சூட்டினார். ஹவாய்த் தீவுகளில் வானொலி மூலம் கணினிகளை இணைத்த அலோஹா என்னும் ஏற்பாடு அவருக்கு முன்னோடி. இல்லாத பொருளின் பெயர் இருக்கிற கம்பிக்கு வந்து நிலைத்துவிட்டது. டேவிட் பாக்ஸ் என்பவர் அவருடன் உழைத்தார். 1983இல் அம்முறை பொதுநியமமாயிற்று. 1990இல் தொலைபேசிக் கம்பி போன்ற முறுக்குக் கம்பியிலும் ஓடத் தொடங்கிற்று.

யூஎஸ்பியின் கதை அதற்குப் பிந்தியது. முன்னெல்லாம் கணினியின் முதுகில் அச்சுயந்திரத்துக்கு ஒரு துளை, விசைப்பலகைக்கு ஒரு துளை, சுட்டிக்கு ஒரு துளை என்று சாதிக்கொரு தெரு போல் பிரிந்து கிடந்தன. இவர் வாயிலில் அவர் நுழையலாகாது. இன்டெல், மைக்ரோசாஃப்ட், ஐபிஎம் முதலிய ஏழு நிறுவனங்கள் கூடி, எல்லோருக்கும் ஒரே வாயில் என்ற ஏற்பாட்டை 1996 ஜனவரியில் வெளியிட்டன. அதை வகுத்தவர்களில் முதன்மையானவர் பரோடாவில் படித்து அமெரிக்கா சென்ற அஜய் பட் என்னும் இந்தியர். அடுத்த மாதம் 10ந் தேதியன்று செம்பவாங் ரயில் நிலையம் திறக்கப்பட்டது. இரண்டுக்கும் சம்பந்தமில்லை, எங்கள் ஊர்ப் பெருமைக்காகச் சேர்த்துச் சொல்கிறோம்.

வாயில் பொதுவாகிவிட்டால் போதுமா? போதாது என்பதுதான் இக்கட்டுரையின் விஷயம். எல்லோரும் ஒரே வாயிலில் நுழையும்போது, நுழைபவர் இன்னார் என்று அறிய வேண்டியிருக்கிறது. அவர் பேசும் மொழியை அறிந்த ஒருவரும் வேண்டியிருக்கிறது.

மொழியறிந்தவரை முதலிற் பார்ப்போம். புதுச்சேரியில் பிரெஞ்சு கவர்னர் டூப்ளே தமிழறியார். சந்தையில் துணி விற்பவர் பிரெஞ்சு அறியார். இடையில் நின்றவர் துபாஷி ஆனந்தரங்கப் பிள்ளை. இருமொழி வல்லவர் என்பதே துபாஷி என்பதன் பொருள். கவர்னர் மாறினாலும் வியாபாரி மாறினாலும், நடுவே துபாஷி இருக்கும் வரையில் காரியம் நடக்கும். கணினியில் டிரைவர் என்று சொல்லப்படும் நிரல் இத்தகைய துபாஷியே. விண்டோஸ் முதலான இயங்குதளம், "இச்செய்தியை அனுப்பு" என்று பொதுமொழியில் கட்டளையிடும். அடாப்டரின் உள்ளேயிருக்கும் சில்லோ, தனக்கென்று ஏற்பட்ட எண்களையும் குறிகளையுமே அறியும். ஒன்றை மற்றொன்றாக்கிக் கொடுப்பவர் டிரைவர். தமிழில் இயக்கி என்கிறார்கள். உண்மையில் அவர் எதையும் ஓட்டுவதில்லை, மொழிபெயர்க்கிறார்.

இனி அடையாளம். தோட்டத்தில் காலைப் பெரட்டுக்கு நின்று பழகியவர்களுக்கு இது எளிதில் விளங்கும். கிராணியார் செக்ரோலைப் பிரித்து ஒவ்வொருவராக அழைப்பார். பெயர் இல்லாதவனுக்கு அன்று வேலையில்லை. யூஎஸ்பி வாயிலிலும் அப்படியே. பொருளைச் செருகியவுடன் கணினி அதனிடம் 18 பைட் அளவுள்ள ஒரு சீட்டைக் கேட்டு வாங்குகிறது. அதில் இரண்டு எண்கள் முக்கியமானவை: செய்தவர் இன்னார் என்பது ஓர் எண், அவர் செய்த பொருள்களில் இஃது இன்னது என்பது மற்றோர் எண். ஒவ்வொன்றும் நான்கு இலக்கம். பத்து எண்குறிகளோடு ஏ முதல் எஃப் வரை ஆறு ஆங்கில எழுத்துக்களும் இலக்கங்களாய் வரும். தைவான் நாட்டு ரியல்டெக் நிறுவனத்தின் எண் 0பிடிஏ. அதே நாட்டு ஏசிக்ஸ் நிறுவனத்தின் எண் 0பி95. ரியல்டெக்கின் 8153 என்னும் சில்லும், ஏசிக்ஸின் 1790 என்று எண்ணிட்ட சில்லும் வினாடிக்கு நூறுகோடி பிட் ஓடும் இனம். கணினி இவ்வெண்களைத் தன் ஏட்டிற் பார்த்து, அதற்குரிய துபாஷி வீட்டிலிருந்தால் அழைக்கும். இல்லாவிட்டால் மஞ்சள் குறியொன்றைப் போட்டு வாளாவிருக்கும்.

மேலட்டையில் என்ன அச்சிட்டிருக்கிறது என்பதைக் கணினி பார்ப்பதேயில்லை. நாம்தாம் அதைப் பார்த்து ஏமாறுகிறோம். ஒரே சில்லு நூறு வியாபாரப் பெயர்களில் வரும். ஒரே பெயரில் இவ்வருஷம் ஒரு சில்லும் அடுத்த வருஷம் வேறு சில்லும் வரும். ஆகவே பெட்டியின் பெயரைக் கொண்டு டிரைவர் தேடுவோர், குலப்பெயரைக் கேட்டு மனிதனின் குணத்தை எடை போடுவோரை ஒப்பர்.

எங்கள் மேல்மாடிக்கு வருவோம். அடாப்டரின் பெட்டிக்குள் டிரைவர் இருக்கத்தான் இருந்தது: உள்ளங்கையளவு வட்டொன்றில்! மடிக்கணினிக்கோ வட்டு நுழைக்கும் வாயே கிடையாது. "இந்தத் தட்டை எங்கே அண்ணே வைக்கிறது, தலையிலயா?" என்றார் தகப்பனார்.

கணினியில் டிவைஸ் மேனேஜர் என்னும் பகுதியைத் திறந்தோம். மஞ்சள் குறி போட்ட வரியைத் தொட்டு, அதன் குணவிவரங்களில் ஹார்ட்வேர் ஐடிஸ் என்ற இடத்தைப் பார்க்கச் சொன்னோம். சிறுமி எழுத்தெழுத்தாகப் படித்தாள்: செய்தவர் எண் 0எஃப்ஈ6, பொருள் எண் 9700. பெட்டியின் மேல் பெரிதாய் யூஎஸ்பி 2.0 என்று அச்சாகியிருந்தது. எண்ணோ வேறு கதை சொல்லிற்று. 0எஃப்ஈ6 என்பது ஐசிஎஸ் என்னும் வேறொரு கணினி நிறுவனத்தின் பேரில் முன்னமே பதிவான எண். மலிவுச் சில்லுகள் பல அதைக் கூச்சமின்றிச் சூடிக்கொண்டு உலாவுகின்றன. 9700 என்றால் பெரும்பாலும் எஸ்ஆர்9700 அல்லது அதன் உடன்பிறப்பு. டேவிகாம் நிறுவனத்தின் டிஎம்9601 என்னும் பழைய சில்லைப் பார்த்துச் செய்த நகல் இது. யூஎஸ்பியின் பழைய வேகமான வினாடிக்கு ஒருகோடியே இருபது லட்சம் பிட்டுக்கு மேல் இதனால் ஓட முடியாது. கட்டை வண்டிக்கு மோட்டார் வண்டியின் பெயர்ப்பலகை!

ஆள் இன்னார் என்று தெரிந்தாயிற்று. அடுத்து, துபாஷியை அழைத்து வரும் வழி. தகப்பனாரின் கைப்பேசியில் முன்பணம் கட்டிய இணையம் கொஞ்சம் மிச்சமிருந்தது. அக்கைப்பேசியைக் கம்பியால் கணினியில் இணைத்து, இணையத்தைப் பகிரும்படி செய்தோம். இங்கே ஒரு நயம் உண்டு. அப்படி இணைத்தவுடன் கைப்பேசியே தன்னை ஒரு யூஎஸ்பி–ஈதர்நெட் அடாப்டர் என்று கணினியிடம் சொல்லிக்கொள்கிறது. அதற்கான துபாஷியை விண்டோஸ் பிறவியிலேயே உடன் வைத்திருக்கிறது. ஆகையால் டிரைவர் இன்றியே காரியம் ஆயிற்று. பூட்டிய பெட்டிக்குக் கொல்லைக் கதவு கைப்பேசிதான். கைப்பேசி இல்லாவிடில் இன்னொருவர் கணினியில் இறக்கி, விரல் நீள நினைவுக்குச்சியில் கொண்டுவரலாம்.

எண்ணைக் கொண்டு தேடினால் டிரைவர் தருகிறோம் என்று கூவும் கடைகள் ஆயிரம் வரும். அவற்றில் பல, ஒரு டிரைவர் கேட்டவனுக்கு ஒன்பது வேண்டாத நிரல்களைத் தலையிற் கட்டும் இடங்கள். சில்லு செய்தவர் வைத்திருக்கும் கோப்பைத் தேடி எடுத்தோம். பிரித்தபோது ஐஎன்எஃப் என்று முடியும் சிறு கோப்பு ஒன்றிருந்தது. அது வெறும் எழுத்துக்களாலான சீட்டு. யாரும் திறந்து படிக்கலாம். எந்தெந்த எண்ணுக்கு இந்தத் துபாஷி பேசுவார் என்ற பட்டியல் அதில் இருக்கும். 0எஃப்ஈ6, 9700 இரண்டும் சேர்ந்த வரி உண்டா என்று சிறுமியையே தேடச் சொன்னோம்; இருந்தது. கையெழுத்துச் சரிபார்க்கப்பட்ட டிரைவர்தானா என்பதையும் பார்த்துக்கொண்டோம். விஸ்டா காலந்தொட்டே 64 பிட் விண்டோஸ் கையெழுத்தில்லாத டிரைவரை உள்ளே விடுவதில்லை. பிறகு மஞ்சள் குறியின் மேல் வைத்து, "டிரைவரைப் புதுப்பி" என்ற கட்டளையைத் தேர்ந்து, கோப்பிருக்கும் இடத்தைக் காட்டினோம். மஞ்சள் மறைந்தது. வடத்தைச் செருகினோம். விளக்கு நிலையாய் எரிந்தது. மறுநாட் காலைப் பாடத்தில் ஆசிரியையின் முகம் அவ்வப்போது சதுரம் சதுரமாய் உடைந்தாலும் குரல் தெளிவாய் வந்ததாம்.

எல்லா அடாப்டருக்கும் இத்தனை பாடு தேவையில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். ஈதர்நெட் அடாப்டர் எதுவாயினும் ஒரே பொதுமொழியில் பேசட்டும் என்று யூஎஸ்பி சங்கத்தாரே நியமங்கள் வகுத்திருக்கிறார்கள். ஈசிஎம் என்பது 1999இலும், என்சிஎம் என்பது 2010இலும் வெளியாயின. அம்மொழி பேசும் சில்லுக்குத் தனித் துபாஷி வேண்டா. லினக்ஸ், மேக் இயங்குதளங்கள் இம்மொழியை நெடுநாளாக அறியும். விண்டோஸ் 11 என்சிஎம்மைத் தானே அறிந்துகொண்டது. ஆனால் மலிவுச் சந்தையிலும் பழைய பெட்டிகளிலும் கிடப்பவை இன்னும் பழைய ஜாதிதான். ஏழை வீட்டுக்குப் போவது எப்போதும் அந்தப் பொருள்தானே.

துபாஷியிடம் ஓர் ஆபத்தும் உண்டு. இருபக்கத்து இரகசியமும் அவரிடம் இருப்பதால், அவர் நினைத்தால் ஒரு பக்கத்தைக் கழுத்தறுக்கலாம். 2014 அக்டோபரில் அப்படியொன்று நடந்தது. எஃப்டிடிஐ என்னும் நிறுவனத்தின் சில்லுகளைப் போலப் போலிகள் பல உலாவின. அந்நிறுவனம் விண்டோஸ் வழியே அனுப்பிய புதிய டிரைவர், போலியைக் கண்டால் அதன் பொருள் எண்ணை 0000 என்று மாற்றி எழுதிவிட்டது. செக்ரோலிலிருந்து பெயர் அழிக்கப்பட்டவன் கதிதான். அப்பொருள் எந்தக் கணினியிலும் அடையாளம் காணப்படாமல் செத்தது. போலி செய்தவனுக்கு ஒரு காசு நஷ்டமில்லை. அறியாமல் வாங்கியவனே தண்டம் செலுத்தினான். பெருங்கூச்சல் எழுந்தபின் அந்த டிரைவர் திரும்பப் பெறப்பட்டது. போலியை நாம் ஆதரிக்கவில்லை. ஆனால் களவுபோன மாட்டை வாங்கியவன் வீட்டில் நள்ளிரவில் புகுந்து மாட்டைக் கொல்வது நியாயமாகுமா?

துபாஷி தம் மொழியைப் பிறருக்குக் கற்பிக்க மறுத்ததால் விளைந்த பெருங்காரியமும் ஒன்றுண்டு. 1980ஆம் ஆண்டளவில் அமெரிக்காவின் எம்ஐடி கல்விச்சாலையில் ஜெராக்ஸ் அச்சுயந்திரம் ஒன்று அடிக்கடி காகிதம் சிக்கி நின்றது. அதன் நிரலைத் திருத்திக்கொள்வோம் என்று ரிச்சர்ட் ஸ்டால்மன் என்பவர் மூலத்தைக் கேட்டார். அதை வைத்திருந்தவர், வெளியிடுவதில்லை என்று வாக்களித்திருப்பதாகச் சொல்லி மறுத்தார். அந்தக் கோபமும் ஒரு காரணமாய் 1983இல் கட்டற்ற மென்பொருள் இயக்கம் பிறந்தது. ஈதர்நெட்டைப் பெற்றெடுத்த அதே ஜெராக்ஸ் நிறுவனத்தின் யந்திரந்தான் இதற்கும் காரணமாயிற்று. இன்று லினக்ஸில் இந்த மலிவு அடாப்டர்களுக்கான டிரைவர்கள் யாவரும் படிக்கக்கூடிய வெளிச்சத்தில் கிடக்கின்றன. எஸ்ஆர்9700க்கும் ஒன்று 2013இலேயே அதிற் சேர்ந்தது.

தமிழுக்கும் இந்த வழக்கு புதிதன்று. விசைப்பலகையில் தட்டினால் திரையில் தமிழெழுத்து வரவேண்டும் என்பதற்கும் நடுவே ஒரு துபாஷி வேண்டியிருந்தது. மலேசியாவில் முத்து நெடுமாறன் 1985 முதல் முரசு என்ற பெயரிலும், சிங்கப்பூரில் எழுத்தாளர் நா. கோவிந்தசாமி கணியன் என்ற பெயரிலும் அத்தகைய நிரல்களை ஆக்கினர். 1995இல் சிங்கப்பூர்க் கவிதைகள் நான்கு மொழியில் இணையத்தில் ஏறியபோது தமிழும் உடன் ஏறியதற்குக் கோவிந்தசாமியின் உழைப்பே காரணம். ஒருவர் எழுதியது மற்றொருவர் கணினியில் புள்ளியும் கோடுமாய்த் தெரிந்த காலம் அது. 1997இல் சிங்கப்பூரிலும் 1999இல் சென்னையிலும் கூடிப் பேசினார்கள். சென்னையில் தமிழ் 99 என்னும் விசைப்பலகை நியமமாயிற்று. அவ்வாண்டே கோவிந்தசாமி மறைந்தார்.

கடைசியாக ஒரு வதந்தியின் கதை. 2025 ஜனவரியில், சீனாவில் செய்த யூஎஸ்பி–ஈதர்நெட் அடாப்டர் ஒன்றினுள் உளவு நிரல் ஒளிந்திருக்கிறதென்ற செய்தி உலகெங்கும் காட்டுத்தீயாய்ப் பரவிற்று. உள்ளே தனியாக ஒரு நினைவகச் சில்லு இருக்கிறதாம்; செருகியவுடன் கேளாமலே ஒரு வட்டைப்போல் தோன்றுகிறதாம்; அதில் ஓடும் நிரல் ஒன்று இருக்கிறதாம். கேட்டோர் நடுங்கினர். பொறியாளர் சிலர் நடுங்காமல் அந்தச் சில்லைப் பிரித்து, உள்ளிருந்ததை எடுத்துப் படித்தனர். எஸ்ஆர்9900 என்னும் சில்லுக்கான டிரைவர்தான் அதில் இருந்தது! வட்டு நுழையும் வாய் கணினிகளில் மறைந்துவிட்டதனால், செய்தவர்கள் வட்டையே அடாப்டரின் வயிற்றுக்குள் வைத்து அனுப்பியிருந்தனர். எங்கள் தகப்பனார் தலையில் வைப்பதா என்று கேட்ட அதே வட்டு. எந்த அடாப்டரிலும் கெடுதல் இருக்க முடியாது என்று இதற்குப் பொருளன்று. அந்த அடாப்டரில் இருந்தது இன்னதென்று திறந்து பார்த்தவர்களே சொல்ல முடிந்தது.

மேல்மாடிச் சிறுமி இப்போது தொழில்நுட்பக் கல்லூரி மாணவி. அந்த அடாப்டரை இன்னும் எறியவில்லை. அதன் முதுகில் வெள்ளைப் பிளாஸ்திரி ஒட்டி, அச்சிட்ட பொய்ப்பெயரை மறைத்து, 0எஃப்ஈ6, 9700 என்று பேனாவால் எழுதி வைத்திருக்கிறாள். கட்டடத்தில் வேறு சில வீடுகளிலிருந்தும் அடாப்டர்கள் அவளிடம் வருகின்றனவாம்; ஒவ்வொன்றையும் செருகி, எண்ணைப் பார்த்து, பிளாஸ்திரி ஒட்டித் திருப்பிக் கொடுக்கிறாள்.